நாற்பத்தோரு இடங்களில் வெட்டு

செயலாளர் அவர்களே, நீங்கள் எழுதியது பொய்.

இசை வட்டத்தின் ஆண்டு மலரில் உங்கள் படத்தோடு வந்த கட்டுரையைச் சொல்கிறேன். நம் ஊர் ராக் குழுவின் இரண்டாவது ஆல்பம், ஒலி எதுவும் குறையாத 'லாஸ்லெஸ்' பதிவு என்று சொல்லி மறுபடி வெளிவந்தபோது, அதில் கோளாறு இருப்பதை "என் காதுகள் முதல் கேட்பிலேயே உணர்ந்துவிட்டன" என்று எழுதியிருக்கிறீர்கள். உங்கள் காதுகள் எதையும் உணரவில்லை. உணர்ந்தவர் வேறு ஒருவர். அவரை நாற்பது பேர் முன்னால் கேலிப்பொருளாக்கி, அன்று சாயங்காலமே வாட்ஸ்அப் குழுவிலிருந்து நீக்கியவர் நீங்கள். நான் அந்தக் கூடத்தில் இருந்தேன்.

மறுப்பு எழுதி மலருக்கு அனுப்பினேன். இடம் இல்லை என்று பதில் வந்தது. உங்கள் படத்துக்கு அரைப்பக்கம் இடம் இருந்தது. அதனால் இங்கே எழுதுகிறேன். எனக்கு எழுத்து வராது. புனேக்கு வெளியே ரஞ்சன்காவில் மின்விசிறி மோட்டார் செய்யும் தொழிற்சாலையில், டெஸ்பாட்ச் பிரிவில் லாரி ஏற்றி அனுப்புகிறவள் நான். ராக் இசையும் எனக்குப் பிடிக்காது. அன்றைக்கும் பிடிக்கவில்லை, இன்றைக்கும் பிடிக்கவில்லை. ஆனால் அக்காவை எனக்குத் தெரியும்.

அக்கா என்றுதான் கூப்பிடுவேன். பெயரைப் போட்டால் அவருக்குப் பிடிக்காது.

ஹடப்சரிலிருந்து ரஞ்சன்காவுக்குக் கம்பெனி பஸ்ஸில் ஒன்றரை மணி நேரம். வாகோலியில் லாரிகள் மாட்டிக்கொண்டால் இரண்டு. பதினோரு வருஷம் அவரும் நானும் ஒரே சீட்டில் போய் வந்தோம். அவர் ஜன்னல் பக்கம். பஸ் கிளம்பியதும் பையிலிருந்து ஒரு சின்ன பிளேயரும் ஒயர் வைத்த இயர்போனும் வெளியே வரும். போகும்போது ஒரு ஆல்பம், வரும்போது ஒரு ஆல்பம். முதல் பாட்டு தொடங்கிக் கடைசிப் பாட்டு முடியும்வரை பேசமாட்டார். பாட்டைத் தாண்டிப் போகமாட்டார். நடுவில் யாராவது தோளைத் தொட்டால் ஒரு விரலைத் தூக்குவார். அவ்வளவுதான். பஸ்ஸில் எல்லோருக்கும் அந்த விரல் தெரியும்.

எப்போதும் அதே குழுதான். எண்பதுகளில் புனேயில் நாலு பையன்கள் சேர்ந்து நடத்தியது. மூன்று ஆல்பம் போட்டுவிட்டுக் கலைந்து போனார்கள். அக்கா கல்லூரியில் படிக்கும்போது அவர்களை ஒரு தடவை நேரில் கேட்டிருக்கிறார். அந்த ஒரு தடவை போதுமானதாக இருந்திருக்கிறது.

ஒரு நாள் ஆசையாக, "ஒரு பக்கம் எனக்குக் குடுங்கக்கா, நானும் கேக்கறேன்" என்று இயர்போனுக்குக் கை நீட்டினேன். தட்டிவிட்டார்.

"ஒரு காதுல கேட்டா பாதிதான்டி வரும். வேணும்னா ரெண்டையும் எடுத்துக்கோ. நான் சும்மா குந்தினு கீறேன்."

"அட, ஒரு பாட்டுக்கு என்னக்கா இப்போ?"

"பாதி வேணாம். உனுக்கும் வேணாம், எனுக்கும் வேணாம்."

அவரை முழுவதும் புரிந்துகொள்ள இந்த ஒன்று போதும். பாதி எதுவும் அவருக்கு ஆகாது. கேட்டில் டீ விற்கிறவன் எல்லோருக்கும் கட்டிங் சாய், அதாவது அரை கிளாஸ், ஊற்றுவான். அக்கா கையை நீட்டி, "பூரா பரோ, பையா" என்பார். முழு கிளாஸ், இல்லாவிட்டால் வேண்டாம். ஏதாவது கதை சொல்லும்போது நடுவில் குறுக்கிட்டால் முதலிலிருந்து ஆரம்பிப்பார். அவருடைய தங்கை கல்யாணக் கதையை நான் நாலு தடவை முதலிலிருந்து கேட்டிருக்கிறேன். ஒரு தடவைகூட மாப்பிள்ளை வரும் இடத்தை எட்டவில்லை. தப்பு என் பேரில்.

அவர் கட்கி கன்டோன்மென்ட்டில் பிறந்து வளர்ந்தவர். அப்பாவின் தாத்தா காலத்தில் வட ஆற்காட்டிலிருந்து வந்த குடும்பம். ஞாயிற்றுக்கிழமை சர்ச்சில் தமிழ் ஆராதனைக்குப் போவார். அங்கேயும் இதே கூத்து. பாட்டு நடத்துகிறவர் நேரமில்லை என்று "ஒன்று, இரண்டு, கடைசிச் சரணம் மட்டும்" என்று அறிவிப்பார். எல்லோரும் மூன்றாவதை விட்டுவிட்டுக் கடைசிக்குப் போவார்கள். அக்கா மட்டும் தனியாக மூன்றாவதைப் பாடிக்கொண்டிருப்பார். குரல் பெரிசு வேறு. போதகர் ஐயர் பிரசங்க மேடையில் ஏறி நின்ற பிறகும் பாட்டு ஓடிக்கொண்டிருக்கும். கிறிஸ்துமஸுக்குக் கூப்பிட்டிருந்தார், நான் கண்ணால் பார்த்தேன். ஐயர் கையைக் கட்டிக்கொண்டு காத்திருந்தார். அடுத்த வருஷம் போனேன், எல்லாச் சரணமும் பாடினார்கள்.

"எழுதனவன் நாலு எழுதினான். மூணு போதும்னு சொல்ல இவங்க யாரு?" என்றார் என்னிடம்.

தொழிற்சாலையிலும் அவர் வேலை கேட்பதுதான். லைன் முடியும் இடத்தில் சத்தம் புகாத ஒரு அறை. மோட்டார் ஒவ்வொன்றாக உள்ளே வரும், ஓடும், மீட்டர் பச்சை காட்டும். அக்கா தலையைச் சாய்த்துக் கேட்டுவிட்டு விடுவார் அல்லது சிவப்புச் சீட்டு கட்டுவார். ஒரு நாள் வரிசையாக எல்லாவற்றுக்கும் சிவப்பு. ஷிப்ட் மேனேஜர் ஓடி வந்தார். என் லாரி கேட்டில் நிற்கிறது, நானும் ஓடினேன்.

"மேடம், மீட்டர் ஓகே காட்டுது, நீங்க எதுக்குத் திருப்பறீங்க?"

"மீட்டருக்கு முள்ளுதான் சார் கீது. காது இல்ல."

"கஸ்டமருக்கு நான் என்ன பதில் சொல்ல?"

"லேட்டாவும்னு சொல்லுங்க. வீட்டுல தூங்கறவன் தலைக்கு மேல இது கிர்ருனு சுத்தும் சார். மீட்டரா வந்து படுக்கப் போவுது?"

ஒரு மோட்டாரைப் பிரித்தார்கள். பேரிங்கில் மசகு பாதி அளவுதான் இருந்தது. அன்றைக்கு என் லாரி காலியாகத் திரும்பியது. நான் அக்காவிடம் சண்டை போட்டேன். அவர் முழுதாகக் கேட்டுக்கொண்டார்.

கேட்பார். அதைச் சொல்ல வேண்டும். ஒரு காலையில் சேலத்திலிருந்து போன் வந்தது. அம்மாவுக்குக் கட்டி, புற்றுநோயாக இருக்கலாம் என்று. பஸ்ஸில் ஏறியதும் அக்கா கையைப் பிடித்து அழ ஆரம்பித்தேன். அவர் விரலைத் தூக்கினார். ஆல்பத்தில் இன்னும் நாலு நிமிஷம் பாக்கி. அந்த விரலை ஒடித்திருப்பேன். திரும்பி உட்கார்ந்துகொண்டேன். இவளும் ஒரு மனுஷியா என்று நினைத்தேன். நாலு நிமிஷம் கழித்து இயர்போனைக் கழற்றிச் சுற்றிப் பைக்குள் வைத்தார். பையை மூடினார். என் பக்கம் முழு உடம்பையும் திருப்பினார்.

"இப்போ சொல்லு. மொதல்லருந்து."

சொல்லமாட்டேன் என்று இருந்தேன். பிறகு சொன்னேன். தொழிற்சாலை வாசல்வரை சொன்னேன். ஒரு "உம்" கிடையாது, ஆறுதல் கிடையாது, "எங்க அத்தைக்கும் இப்டித்தான்" கிடையாது. எல்லோரும் இறங்கிப் போன பஸ்ஸில் நாங்கள் இரண்டு பேர் மட்டும். நான் முடித்ததும் கேட்டார்:

"எல்லாரையும் சொன்ன. உங்க அண்ணன மட்டும் சொல்லல. அவன் எங்க?"

அண்ணன் ஆஸ்பத்திரிப் பக்கமே வரவில்லை. அதைத்தான் நான் யாரிடமும் சொல்லாமல் விழுங்கிக்கொண்டிருந்தேன். அம்மாவின் கட்டியைவிட அதுதான் அன்று என்னை அறுத்தது. அக்காவுக்கு அது கேட்டுவிட்டது. அப்புறம் அந்த விரல் மேல் எனக்குக் கோபம் வந்ததே இல்லை. (அம்மா பிழைத்துக்கொண்டார். இன்றும் சேலத்தில் இருக்கிறார்.)

சரி, விஷயத்துக்கு வருகிறேன். ஏழு வருஷத்துக்கு முன், பழைய மூன்று ஆல்பங்களையும் ஒரு கம்பெனி லாஸ்லெஸ்ஸில் மறுபடி வெளியிட்டது. அக்கா அன்றைக்கு லீவு போட்டார். தங்கை பிரசவத்துக்குக்கூடப் போடாத லீவு. லாஸ்லெஸ் என்றால் என்ன என்று நான் கேட்டதற்கு அவர் சொன்னதை அப்படியே எழுதுகிறேன். வட்டத்தில் எத்தனையோ கூட்டம் போட்டும் நீங்கள் யாருக்கும் இதைப் புரிய வைத்ததில்லை.

"சேலைய மடிச்சு பொட்டில வெக்கற. எடுத்துப் பிரிச்சா ஆறு கஜமும் வரும். அது லாஸ்லெஸ். பொட்டி சின்னதுன்னு முந்தானிய வெட்டிட்டு வெக்கற. அது எம்பித்ரீ. கட்டிக்கலாம். பஸ்ஸுல போற யாருக்கும் தெரியாது. ஆனா கட்டிகினவளுக்குத் தெரியும்."

மூன்று நாள் கழித்து முகம் தொங்கிப்போய் பஸ்ஸில் ஏறினார்.

"மொத ஆல்பம் சரி. மூணாவது சரி. ரெண்டாவது வெட்டின சேலைடி. வெட்டிட்டு பெரிய பொட்டில வெச்சு, முழு சேலைனு விக்கறான்."

"கம்பெனிக்காரன் அப்டிச் செய்வானாக்கா?"

"டிரம்ஸ் பக்கத்துல பித்தளைத் தட்டு கீதில்ல, அத அடிச்சா அது கொஞ்சம் கொஞ்சமா அடங்கணும். இதுல தண்ணில கல்லு போட்ட மாதிரி கலங்குது. எங்கிட்ட கீற கேசட்டு தேஞ்சு போனது. அதுலயே இத விட ஜாஸ்தி கீது."

இதைத்தான் அவர் உங்கள் வட்டத்தின் வாட்ஸ்அப் குழுவில் எழுதினார். எழுதிய தேதியும் நேரமும் என்னிடம் படமாக இருக்கிறது. அதற்கு முந்தின நாள் நீங்கள் அதே வெளியீட்டைப் புகழ்ந்து நீளமாக எழுதியிருந்தீர்கள். உங்களுக்கு அது பொறுக்கவில்லை. "ஞாயிற்றுக்கிழமை கூட்டத்தில் சோதனை வைப்போம்" என்றீர்கள்.

"நீயும் வாடி" என்றார் அக்கா. "ஞாயித்துக்கெழம வீட்டுல இருந்து இன்னா கிழிக்கப் போற?"

போனேன். புனே கேம்ப் பக்கம் ஒரு பள்ளிக்கூடக் கூடம், காலை பதினொரு மணி. ஆளுயரத்துக்கு இரண்டு ஸ்பீக்கர். ஒரே பாட்டை ஏ, பி என்று இரண்டு தடவை போடுவீர்கள். ஒன்று கடையில் வாங்கிய லாஸ்லெஸ். இன்னொன்று அதையே நீங்கள் சுருக்கிச் செய்த எம்பித்ரீ. எது லாஸ்லெஸ் என்று கையிலுள்ள அட்டையில் குறிக்க வேண்டும். அட்டையில் இரண்டு கட்டம். போடுவதற்கு முன் மைக்கில் நீங்கள் சொன்னது எனக்கு மனப்பாடம்.

"மேடம் தப்பா எடுத்துக்கக் கூடாது. ஐம்பது வயசுக்கு மேல காதுக்கு உச்ச சத்தம் எட்டாது. அதுவும் ஃபேக்டரில வேலை செய்யறவங்களுக்கு… இது சயின்ஸ், நான் சொல்லல."

எல்லோரும் சிரித்தார்கள். அக்கா எழுந்தார்.

"உச்சத்துல கேக்கலனா பரவால்ல சார். ஓட்ட நடுவுல கீது."

போட்டீர்கள். அவர் கண்ணை மூடிக்கொண்டு கேட்டார். இன்னொரு தடவை போடச் சொன்னார், போட்டீர்கள். பிறகு பேனாவை எடுத்து அட்டையில் மூன்றாவதாக ஒரு கட்டம் வரைந்து அதில் டிக் அடித்தார். கட்டத்துக்குக் கீழே ஆங்கிலத்தில் எழுதினார். நீங்கள் அதைச் சத்தமாகப் படித்தீர்கள்: "இரண்டும் இல்லை. ஏ ஒரு முறை வெட்டியது. பி இரண்டு முறை வெட்டியது."

கூடமே சிரித்தது. நீங்கள் சிரிப்பு அடங்கும்வரை காத்திருந்து, "வினாத்தாள மாத்தி எழுதினா செல்லாது மேடம்" என்றீர்கள். மறுபடியும் சிரிப்பு.

நான் எழுந்து கத்தினேன். "மத்தவங்கள்ல எத்தன பேரு சரியாச் சொன்னாங்க? அதப் படிங்க!" சுற்றி இருந்தவர்களின் அட்டைகளை எட்டிப் பார்த்திருந்தேன்: பாதிப் பேர் ஏ, பாதிப் பேர் பி. யாருக்கும் ஒன்றும் தெரியவில்லை. அதை நீங்கள் படிக்கவில்லை, அட்டைகளை வாரிக் கட்டிக்கொண்டீர்கள். அக்கா மட்டும் கோபப்படாமல் ஸ்பீக்கர் பக்கத்தில் போய் நின்று, "மொத ஆல்பத்துல ஒரு பாட்டு போடுங்க சார். அப்புறம் இத போடுங்க. தட்டு மட்டும் கேளுங்க. ரெண்டே நிமிஷம்" என்றார். "டீ வந்துடுச்சு மேடம்" என்றீர்கள். இரண்டு நிமிஷம் தரவில்லை. சாயங்காலம் குழுவிலிருந்து நீக்கம். காரணம், "ஒழுங்கீனம்".

மறுநாள் பஸ்ஸில் நான்தான் பொருமிக்கொண்டிருந்தேன். அவர் அன்றைக்கு ஆல்பத்தை ஒரே ஓட்டமாகக் கேட்கவில்லை. மடியில் நோட்டு. பிளேயரை நிறுத்தி நிறுத்தி எழுதிக்கொண்டிருந்தார். வாரம் பூராவும் எழுதினார். இரண்டாவது ஆல்பத்தில் எந்தப் பாட்டு, எத்தனையாவது நிமிஷம், எத்தனையாவது நொடி, அங்கே என்ன கலங்குகிறது. நாற்பத்தோரு இடம். அதைக் கம்பெனிக்கு அனுப்பினார். பதில் இல்லை. மறுபடி அனுப்பினார், முழுதாக, முதல் வரியிலிருந்து. பதில் இல்லை. மூன்றாவது தடவை ரிஜிஸ்டர் தபாலில் போனது.

"சுருக்கி ஒரு பக்கம் எழுதுங்கக்கா. நாலு பக்கம் எவன் படிப்பான்?" என்றேன்.

"சுருக்கினதுனாலதான்டி இந்த வம்பே."

ஐந்து மாதம் கழித்துப் பதில் வந்தது. அக்கா பஸ்ஸில்தான் பிரித்தார். படித்துவிட்டு என்னிடம் நீட்டினார். கம்பெனியின் ஒலிப் பொறியாளரே எழுதியிருந்தார். இரண்டாவது ஆல்பத்தின் நாடா மட்டும் அலமாரியில் கிடைக்கவில்லை. அவசரத்தில் ஓர் ஊழியர் அலுவலகக் கணினியில் இருந்த பழைய எம்பித்ரீயை எடுத்து லாஸ்லெஸ்ஸாக மாற்றி ஏற்றிவிட்டார். அக்காவின் பட்டியலை வைத்து நொடி நொடியாகச் சரிபார்த்தோம், நாற்பத்தோரு இடமும் சரி, என்று இருந்தது. பிறகு கிடங்கில் தேடியிருக்கிறார்கள். ஒத்திகை என்று சீட்டு ஒட்டிய ஒரு பெட்டிக்குள் அசல் நாடா கிடந்திருக்கிறது. விற்றதைத் திரும்பப் பெற்று, வாங்கிய எல்லோருக்கும் புதிதாக அனுப்பப் போகிறோம், முதல் பிரதி உங்களுக்கு, என்று முடிந்தது கடிதம்.

புதியது வந்த அன்று ஷிக்ராபூர் தாண்டும்போது ஆல்பம் முடிந்தது. அக்கா இயர்போனைக் கழற்றினார். இரண்டையும் என் காதில் வைத்தார். பழையதிலிருந்து ஓர் இடத்தைப் போட்டார், பிறகு புதியதில் அதே இடத்தை. எனக்கு அந்தப் பாட்டு வெறும் இரைச்சல்தான். ஆனால் செயலாளர் அவர்களே, ராக் பிடிக்காத, லாரி ஏற்றுகிற எனக்கே கேட்டது. முதலில் கலங்கல். அடுத்து ஒரு பித்தளைத் தட்டு, அடி விழுந்து, மின்னி, மெல்ல மெல்ல அடங்கி, அடங்கியே தீரவில்லை. அது எங்கே முடிந்தது என்று எனக்குத் தெரியவில்லை. பஸ்ஸின் சத்தத்துக்குள் எங்கேயோ முடிந்தது.

நான் நிமிர்ந்து பார்த்தேன். அக்கா என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"கேட்டுச்சா?"

"கேட்டுச்சுக்கா."

ஓடுகிற பஸ்ஸில் எழுந்து நின்றார். ஐம்பத்து மூன்று வயசு. இரண்டு கையையும் மேலே தூக்கி, "அடிச்சோம்டி!" என்று கத்தினார். அந்தக் குரல்தான் தெரியுமே. தூங்கிக்கொண்டிருந்தவர்கள் எல்லோரும் விழித்துவிட்டார்கள். ஓட்டுநர் கண்ணாடியில் பார்த்து, லாட்டரி அடித்ததா என்று மராத்தியில் கேட்டார்: "காய் மேடம், லாட்டரி லாக்லி கா?"

"லாட்டரி நாஹி, பாவு! டேப் மிளாலி, டேப்!"

என்ன டேப் கிடைத்தது, யாருடைய டேப் என்று ஒருவருக்கும் தெரியாது. ஆனாலும் பஸ்ஸே கைதட்டியது. இத்தனை வருஷம் வாயைத் திறக்காமல் விரலை மட்டும் தூக்கிய பெண்மணி கத்துகிறார் என்றால் காரணம் பெரிதாகத்தான் இருக்கும் என்று தட்டினார்கள். அந்தக் குழுவின் டிரம்ஸ்காரர் போனில் நன்றி சொன்னாராம், ஒரு வாரம் கழித்து. என்ன பேசினீர்கள் என்று கேட்டேன். "வாசிச்சது அவன் வேல, கேட்டது என் வேல. ரெண்டு பேரும் செஞ்சிட்டோம்னு சொன்னேன்" என்றார்.

அக்கா ஓய்வு பெற்று நாசிக்கில் தங்கை வீட்டுப் பக்கம் போய்விட்டார். உங்கள் கட்டுரையைப் போனில் படித்துக் காட்டினேன். முழுதாகக் கேட்டார். "விடுடி. ஆல்பம் சரியாய்டிச்சில்ல?" என்றார்.

ஆல்பம் சரியாகிவிட்டது. உங்கள் கட்டுரை சரியாகவில்லை. அவர் விடலாம், அது அவர் குணம். நான் விடமாட்டேன், இது என் குணம்.

அடுத்த மாதம் வட்டத்தின் பொதுக்கூட்டம். நான் உறுப்பினர் இல்லை. ஆனாலும் வருவேன், முன் வரிசையில் உட்காருவேன். கம்பெனியின் கடிதம் கையில் இருக்கும். நீங்கள் மைக்கைப் பிடித்து எல்லோர் முன்னாலும் மூன்று கேள்விக்குப் பதில் சொல்ல வேண்டும். தனியாகப் போன் செய்து சமாதானம் பேச வேண்டாம், எடுக்கமாட்டேன். அந்த ஆல்பத்தில் குறை என்று முதலில் சொன்னது யார்? சொன்னவரை ஏன் நீக்கினீர்கள்? கடிதம் யார் பெயருக்கு வந்தது?

பெயரை நீங்கள் சொல்லுங்கள். உங்கள் வாயால், அதே கூடத்தில்.